மருந்து வருமுன் வந்த சொல்

திருக்குறளின் மருந்து என்னும் அதிகாரத்தின் முடிவில் வள்ளுவர் மருத்துவத்தை நான்கு கூறுகளாகப் பகுத்துக் காட்டுகிறார். நோயுற்றவர், அந்நோயைத் தீர்க்கும் மருத்துவர், அவர் கொடுக்கும் மருந்து, நோயாளியின் பக்கத்திலிருந்து பேணுபவர் என்னும் இந்நான்கும் ஒருங்கே அமைந்தாலன்றி மருத்துவம் நிறைவுறாது என்பது அவர்தம் கருத்து. இவற்றுள் மருந்து என்னும் கூறு கைக்கெட்டாதிருந்த ஒரு காலம் அண்மை வரலாற்றிலேயே உண்டு. எய்ட்ஸ் நோய் முதன்முதலாக அறியப்பட்ட 1981ஆம் ஆண்டு தொடங்கி, கூட்டு மருந்துச் சிகிச்சை நடைமுறைக்கு வந்த 1996ஆம் ஆண்டு வரையுள்ள பதினைந்து ஆண்டுகளே அக்காலம். இடையில் 1987இல் ஏ.இசட்.டி. என்னும் மருந்து அமெரிக்காவில் ஒப்புதல் பெற்றது. அதனால் சிலருடைய வாழ்நாள் சிறிது நீண்டதேயன்றி நோய் அடங்கவில்லை.

மருந்தில்லாத அப்பதினைந்து ஆண்டுகளில் சொல்லே மருந்தாக வேண்டியிருந்தது. நோய் எவ்வாறு பரவும், எவ்வாறு பரவாது என்பதை மக்கள் அறிந்தால் அது ஓரளவு நிற்கும்; அறியாவிட்டால் அதனைத் தடுக்க வேறு வழி இல்லை. அந்தச் சொல்லை வீடுதோறும் கொண்டு சென்ற வாகனங்களுள் தலையாயது தொலைக்காட்சி. ஆயினும் சொல் எல்லாக் காலத்தும் ஒரே வேலையைச் செய்யவில்லை. அது அச்சத்தை விதைத்தபோது, வள்ளுவர் நான்காவதாகக் கூறிய பேணுபவர் நோயாளியை விட்டு விலகி ஓடினார். அது விளக்கத்தைத் தந்தபோது அவர் திரும்பி வந்தார். உலகெங்கும் நிகழ்ந்த இந்த ஓட்டத்தையும் திரும்புதலையும் சிங்கப்பூரின் அனுபவத்தோடும், தமிழ்மொழி இதில் ஏற்ற பங்கோடும் இணைத்துக் காண்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

பெயரிடுதலில் நேர்ந்த பிழை

1981 ஜூன் 5ஆம் நாள் அமெரிக்க நோய்க் கட்டுப்பாட்டு மையத்தின் வார அறிக்கையில் ஒரு சிறு குறிப்பு வெளியாயிற்று. லாஸ் ஏஞ்சலிஸ் நகரில் இளைஞர் ஐவருக்கு அரிதான ஒரு நுரையீரல் தொற்று கண்டிருந்தது. உடலின் எதிர்ப்பாற்றல் குன்றியவர்க்கே வரும் தொற்று அது. அவ்வைவரும் தன்பாலின உறவு கொண்டவராக இருந்தமையால், அடுத்த ஆண்டில் ஆய்வாளர் சிலர் அந்நோய்க்கு அம்மக்களின் அடையாளத்தையே பெயராக்கினர். ஆனால் விரைவிலேயே இரத்தம் ஏற்றப்பட்டவர்களிடமும், இரத்தம் உறையாக் குறையுடையோரிடமும், போதை ஊசியிட்டுக்கொண்டவர்களிடமும், பெண்களிடமும், பச்சிளங் குழந்தைகளிடமும் அதே நோய் காணப்பட்டது. ஆகவே 1982ஆம் ஆண்டிலேயே அப்பெயர் கைவிடப்பட்டு எய்ட்ஸ் என்னும் பெயர் வழங்கலாயிற்று. 1983இல் பாரிஸ் நகரின் பாஸ்டர் ஆய்வுக்கூடத்தில் அதற்குரிய கிருமி கண்டறியப்பட்டது. பெயர் மாறிற்று, காரணமும் விளங்கிற்று. எனினும் முதற்பெயர் பதித்த வடு மட்டும் மறையவில்லை. இஃது ஒரு சிலரின் நோய், நமக்குரியதன்று என்னும் எண்ணம் பல நாடுகளில் பல ஆண்டுகள் நீடித்தது.

தொலைக்காட்சிச் செய்தியாளர்களும் இந்நோயைத் தயங்கித் தயங்கியே அணுகினர். அமெரிக்காவின் என்.பி.சி. நிறுவனம் 1982 ஜூன் 17ஆம் நாள் மாலைச் செய்தியில் இதனைப் பற்றிக் கூறிற்று. அதற்குள் ஓராண்டு கடந்துவிட்டிருந்தது. 1985 ஜூலையில் திரைப்பட நடிகர் ராக் ஹட்சனுக்கு இந்நோய் கண்டிருப்பது அறிவிக்கப்பட்டது. அவர் அவ்வாண்டு அக்டோபர் 2ஆம் நாள் மறைந்தார். நூற்றுக்கணக்கான அறிக்கைகள் செய்யாததை ஒரு நடிகரின் பெயர் செய்தது. நோய் வீட்டுக் கூடத்திற்குள் பேச்சாக நுழைந்தது.

தொலைக்காட்சிக்கு இந்நோய் ஏன் கடினமான பொருளாயிற்று என்பதையும் எண்ணிப் பார்க்க வேண்டும். தொலைக்காட்சி காட்சியால் வாழ்வது. இந்நோய்க்கோ காட்டத்தக்க உருவம் இல்லை. கிருமி உடலுள் புகுந்தபின் பல ஆண்டுகள் எவ்வித அறிகுறியும் தோன்றாதிருக்கலாம். நலமாக நடமாடும் ஒருவரைப் படம்பிடித்து இவரிடம் நோய் உண்டு என்று எவ்வாறு காட்டுவது? தொற்றுடையவர் தம் முகத்தைக் காட்டவும் அஞ்சினார். உருவமற்ற பொருளுக்கு உருவம் தேடிய தொலைக்காட்சி, எளிதிற் கிடைத்த உருவமாகிய சாவையே எடுத்துக்கொண்டது.

ஒரே மாதத்தில் இரண்டு காட்சிகள்

1987ஆம் ஆண்டின் தொடக்கத்தில் பிரிட்டிஷ் அரசு நாட்டின் ஒவ்வொரு வீட்டுக்கும் எய்ட்ஸ் பற்றிய துண்டுப் பிரசுரத்தை அனுப்பியது. சுகாதாரத்துக்குப் பொறுப்பேற்றிருந்த அமைச்சர் நார்மன் ஃபௌலர் இப்பணியை முன்னின்று நடத்தினார். பிரசுரத்தில் நோய் பரவும் வழிகள் தெளிவாகவே கூறப்பட்டிருந்தன. ஆனால் அதனுடன் வந்த தொலைக்காட்சி விளம்பரத்தில் மலை வெடித்தது. பாறையில் எய்ட்ஸ் என்னும் எழுத்துகள் செதுக்கப்பட்டன. கல்லறைக் கல் சாய்ந்தது. மக்கள் உள்ளத்தில் நின்றது அக்கல்லே.

ஆஸ்திரேலியா இன்னும் ஒருபடி மேலே சென்றது. 1987 ஏப்ரல் மாதத்தில் அங்கு ஒளிபரப்பான விளம்பரத்தில், கரிய அங்கியும் அரிவாளும் தாங்கிய மரண உருவம் பந்து உருட்டி விளையாடியது. அது வீழ்த்திய கட்டைகளின் இடத்தில் ஆண்களும் பெண்களும் குழந்தைகளும் நின்றிருந்தனர். நாடு முழுவதும் திடுக்கிட்டது. எய்ட்ஸ் பற்றி அறியாதார் எவருமில்லை என்னும் நிலையை அவ்விளம்பரம் சில வாரங்களில் உண்டாக்கிற்று என்பது உண்மை. அதே வேளையில், வீழ்த்தப்படுவோரை விட்டுவிட்டு, வீழ்த்தும் மரணத்தின் உருவத்தையே தொற்றுடையோரின் உருவமாகப் பலர் கருதத் தலைப்பட்டனர் என்பதும் பின்னர் உணரப்பட்டது.

அதே ஏப்ரல் மாதம் 9ஆம் நாள் இலண்டனின் மிடில்செக்ஸ் மருத்துவமனையில் எய்ட்ஸ் நோயாளிகளுக்கான சிகிச்சைப் பிரிவைத் திறந்துவைத்த இளவரசி டயானா, நோயாளி ஒருவருடன் கையுறை அணியாமல் கைகுலுக்கினார். அந்நோயாளி முகம் தெரியாதவாறு பின்புறமிருந்தே படமெடுக்க இசைந்தார். அப்படம் உலகமெங்கும் சென்றது. தொடுவதால் இந்நோய் பரவாது என்று மருத்துவர்கள் ஆண்டுக்கணக்கில் சொல்லியும் நம்பாத மக்கள், ஒரு கைகுலுக்கலைக் கண்டு நம்பத் தொடங்கினர். ஒரே மாதத்தில் வந்த இவ்விரு காட்சிகளுள் முன்னது நோயைப் பற்றிய அச்சத்தை வளர்த்தது. பின்னது நோயாளியைப் பற்றிய அச்சத்தைக் குறைத்தது. மக்கள் கல்வி என்பது இவ்விரண்டையும் வேறுபடுத்தி அறிவதில்தான் தொடங்குகிறது.

செய்தியாளர் ஒருவர் தந்த நாள்

ஆண்டுதோறும் டிசம்பர் 1ஆம் நாள் உலக எய்ட்ஸ் தினமாகக் கடைப்பிடிக்கப்படுவதை மாணவர் அறிவர். அந்நாளை வகுத்தவர் இருவருள் ஒருவர் தொலைக்காட்சிச் செய்தியாளர் என்பது பலரும் அறியாத செய்தி. ஜேம்ஸ் பன் என்பவர் சான் பிரான்சிஸ்கோ நகரின் கே.பி.ஐ.எக்ஸ். தொலைக்காட்சி நிலையத்தில் பணியாற்றியவர். நோய் மிகக் கடுமையாகத் தாக்கிய நகரங்களுள் அது ஒன்று. அவரும் தயாரிப்பாளர் நான்சி சாஸ்லோவும் இணைந்து, செய்தியும் ஆவணப்படமும் பொதுக் கல்வியும் ஒன்றாகச் சேர்ந்த ஒரு தொடர் முயற்சியைத் தொடங்கினர். ஒரு நாள் செய்தியாகச் சொல்லி மறந்துவிடாமல், மீண்டும் மீண்டும் அதே நோயை நோக்கித் திரும்பியதே அம்முயற்சியின் சிறப்பு. பிற நகரங்களின் நிலையங்களும் அதனை வாங்கி ஒளிபரப்பின. ஒலிபரப்புத் துறையின் உயரிய பீபாடி விருதும் அதற்குக் கிட்டியது.

பின்னர் பன் ஜெனீவாவிலுள்ள உலகச் சுகாதார நிறுவனத்தில் எய்ட்ஸ் திட்டத்தின் தகவல் அலுவலராகச் சேர்ந்தார். 1987 ஆகஸ்டில் அவரும் உடன் பணியாற்றிய தாமஸ் நெட்டரும் உலக எய்ட்ஸ் தினம் என்னும் எண்ணத்தை முன்வைத்தனர். திட்டத்தின் தலைவரான மருத்துவர் ஜொனாத்தன் மான் அதனை ஏற்றார். டிசம்பர் 1ஆம் நாளைத் தேர்ந்ததற்குக் காரணம் செய்தியாளருக்கே உரிய கணக்கு. 1988இன் அமெரிக்கத் தேர்தல் ஆரவாரம் அதற்குள் அடங்கியிருக்கும். கிறிஸ்துமஸ் விடுமுறை தொடங்கியிராது. செய்திக்கு இடம் கிடைக்கும் என்று பன் எண்ணினார். 1988 டிசம்பர் 1ஆம் நாள் அத்தினம் முதன்முதலாகக் கடைப்பிடிக்கப்பட்டது.

ஜொனாத்தன் மான் 1987 அக்டோபரில் ஐக்கிய நாடுகள் பொதுச் சபையில் ஆற்றிய உரை இங்கே நினைவுகூரத்தக்கது. உலகை மூன்று கொள்ளைநோய்கள் தாக்குகின்றன என்றார் அவர். ஓசையின்றிப் பரவும் கிருமித் தொற்று முதலாவது. ஆண்டுகள் கழித்து வெளிப்படும் எய்ட்ஸ் நோய் இரண்டாவது. அவற்றுக்குச் சமுதாயம் காட்டும் எதிர்வினை மூன்றாவது. முதலிரண்டையும் எதிர்க்க மருத்துவம் தேவை. மூன்றாவதற்கு மருந்து சொல்லன்றி வேறில்லை.

சிங்கப்பூரில் திரையும் இயக்கமும்

இனிச் சிங்கப்பூருக்கு வருவோம். 1963 பிப்ரவரி 15ஆம் நாள் இங்குத் தொலைக்காட்சி தொடங்கியது. அதனைத் தொடங்கிவைத்தவர் அன்றைய கலாசார அமைச்சர் எஸ். ராஜரத்தினம். யாழ்ப்பாணத்தில் பிறந்து மலாயாவில் வளர்ந்த அவர், அரசியலுக்கு வருமுன் இதழாளராக விளங்கியவர். அவ்வாண்டு நவம்பரில் எட்டாம் ஒளிவழி தொடங்கப்பட்டபோது சீன நிகழ்ச்சிகளோடு தமிழ் நிகழ்ச்சிகளும் அதில் இடம்பெற்றன. 1980 பிப்ரவரியில் சிங்கப்பூர் ஒலிபரப்புக் கழகம் அமைக்கப்பட்டது. நான்கு அதிகாரத்துவ மொழிகளிலும் ஒரே நாளில் ஒரே செய்தியைச் சொல்லத்தக்க வசதி இதனால் நாட்டுக்கு வாய்த்தது.

தொலைக்காட்சி வழியே மக்களுக்கு அறிவுறுத்துவது சிங்கப்பூருக்குப் புதிதன்று. 1968இல் துப்புரவு இயக்கம், 1970களில் குடும்பத் திட்ட இயக்கம், 1979இல் நற்பண்பு இயக்கம், 1986இல் புகைபிடித்தலுக்கு எதிரான இயக்கம் எனப் பல இயக்கங்கள் திரை வழியே வீடுகளை அடைந்திருந்தன. குப்பையைத் தொட்டியில் போடுங்கள் என்பதை எவர் முன்னிலையிலும் சொல்லலாம். புகைபிடியாதீர் என்பதைத் தந்தை எதிரில் மகனும் கேட்கலாம். எய்ட்ஸ் பற்றிப் பேசுவது அவ்வாறன்று. அடுக்குமாடி வீட்டின் கூடத்தில் தாத்தா, பாட்டி, பெற்றோர், பிள்ளைகள் அனைவரும் ஒரே பெட்டியைச் சூழ்ந்து அமர்ந்திருக்கும் வேளையில் படுக்கையறைப் பொருளைப் பேச வேண்டியிருந்தது.

1985ஆம் ஆண்டில் சிங்கப்பூரில் எச்.ஐ.வி. தொற்று முதன்முதலாகக் கண்டறியப்பட்டது. நன்கொடையாகப் பெறும் இரத்தத்தைச் சோதிக்கும் ஏற்பாடும் அவ்வாண்டில் தொடங்கியது. மோல்மீன் சாலையிலிருந்த பழைய மிடில்டன் மருத்துவமனை, டான் டோக் செங் மருத்துவமனையுடன் இணைந்து தொற்றுநோய் நிலையம் என்னும் பெயர் பெற்றதும் அதே ஆண்டில்தான். காலரா, அம்மை, தொண்டை அடைப்பான் முதலிய நோய்களைக் கண்ட அம்மனையின் கூடங்களே பின்னர் எய்ட்ஸ் நோயாளிகளையும் ஏற்றன. 1986இல் முதல் எய்ட்ஸ் நோயாளி அறியப்பட்டார்; 1987இல் முதல் மரணம் நேர்ந்தது. தொடக்கத்தில் விரல்விட்டு எண்ணத்தக்கதாக இருந்த ஆண்டுத் தொகை, 1990களின் முடிவில் ஏறத்தாழ இருநூறை எட்டியது. அவர்களுள் பெரும்பாலோர் பெண்களுடன் உறவு கொண்டு தொற்றைப் பெற்ற ஆடவர். இஃது ஒரு சிலரின் நோய் என்னும் முதற்பெயரின் பொய்ம்மையை நம் நாட்டுக் கணக்கே காட்டிற்று.

சுகாதார அமைச்சு தொலைக்காட்சி, வானொலி, நாளிதழ், சுவரொட்டி, சமூக மன்றச் சொற்பொழிவு ஆகிய எல்லா வழிகளிலும் நான்கு மொழிகளிலும் செய்தியைக் கொண்டு சென்றது. பாலுறவு, இரத்தம், தாயிடமிருந்து சேய்க்கு என்னும் மூவழிகளில் மட்டுமே தொற்று பரவும். கைகுலுக்குவதாலோ, ஒரே தட்டில் உண்பதாலோ, கழிவறையைப் பயன்படுத்துவதாலோ, கொசுக்கடியாலோ பரவாது என்பதே அச்செய்தியின் சாரம். முன்பகுதியை மக்கள் எளிதில் ஏற்றனர். பின்பகுதியை நம்புவதுதான் கடினமாயிற்று.

தமிழ்ச் சொற்களின் பங்கு

தமிழில் இச்செய்தியைச் சொல்ல முனைந்தோர்க்கு ஒரு தனி இடர் இருந்தது. அகப்பொருளை நாகரிகமாகக் கூறும் மரபு நம் இலக்கியத்தில் ஈராயிரம் ஆண்டுகளாக உண்டு. தெருப்பேச்சிலும் அதற்குச் சொற்கள் உண்டு. இவ்விரண்டுக்கும் இடையே, ஒரு செவிலியர் ஒரு தொழிலாளிக்குக் கூச்சமின்றி விளக்கத்தக்க நடுநிலைச் சொற்கள் மிகக் குறைவாகவே இருந்தன. பாலுறவு, ஆணுறை முதலிய சொற்கள் பொதுவழக்கில் கூச்சம் நீங்கி நிலைபெற்றதற்கு இந்நோய்க் கால விளம்பரங்களும் செய்திகளும் ஒரு காரணம் எனலாம்.

ஆனால் எல்லாச் சொற்களும் நன்மை செய்யவில்லை. தமிழ் இதழ்களும் மேடைகளும் இந்நோய்க்கு அடைமொழியாக வழங்கிய சொல் ஆட்கொல்லி என்பது. ஆட்கொல்லி என்பது முன்பு ஊருக்குள் புகுந்து மனிதரை அடித்துத் தின்னும் புலிக்கு வழங்கிய பெயர். புலியைக் கண்டால் மனிதன் செய்யத்தக்கவை இரண்டே: ஓடுதல் அல்லது வேட்டையாடுதல். ஆட்கொல்லி என்னும் சொல்லைக் கேட்டவன் கிருமியைக் காண இயலாது, நோயாளியையே காண்பான். ஆகவே ஓடினாலும் நோயாளியை விட்டே ஓடுவான். வேட்டையாடினாலும் நோயாளியையே வேட்டையாடுவான்.

பால்வினை நோய் என்பது மற்றொரு சொல். வினை என்பது செயலைக் குறிப்பதாயினும், வினை விதைத்தவன் வினை அறுப்பான் என்னும் பழமொழி பயின்ற செவிக்கு அது பழியையும் தண்டனையையும் சேர்த்தே ஒலிக்கும். கணவனிடமிருந்து தொற்றைப் பெற்ற மனைவிக்கும், தாயிடமிருந்து பெற்ற குழந்தைக்கும் இதில் வினை ஏது? பிற்காலத்தில் பாலியல் தொற்று என்றும், எச்.ஐ.வி. தொற்றுடன் வாழ்வோர் என்றும் எழுதும் வழக்கம் வந்தது. இது வெறும் சொல் மாற்றமன்று. முன்னைய சொற்களில் மனிதர் நோயாகவே காணப்பட்டார். பின்னைய சொல்லில் அவர் முதலில் வாழ்பவர், பின்னரே தொற்றுடையவர்.

சிராங்கூன் சாலையின் அருகே

இந்நோயின் சிங்கப்பூர் வரலாற்றில் லிட்டில் இந்தியாவை ஒட்டிய பகுதிக்குச் சிறப்பிடம் உண்டு. தோல் நோய்களுக்கும் பாலியல் நோய்களுக்கும் சிகிச்சை அளித்த மிடில் ரோடு மருத்துவமனை 1988இல் மூடப்பட்டது. அதன்பின் பாலியல் நோய்க்கட்டுப்பாட்டு மருந்தகம் கிளந்தான் லேனில் இயங்கலாயிற்று. சிராங்கூன் சாலையிலிருந்து நடந்து செல்லும் தொலைவே அது. தேக்காச் சந்தையில் காய்கறி வாங்குவோரும், பூக்கடையில் மாலை தொடுப்போரும், வீரமாகாளியம்மன் கோவிலுக்கு வருவோரும் நடமாடும் தெருக்களுக்கு அப்பால், பெயர் சொல்ல அஞ்சியோர் வந்து செல்லும் கதவு ஒன்று இருந்தது.

1988ஆம் ஆண்டில் தோல் மருத்துவர் ராய் சான் முதலிய தொண்டூழியர்கள் சேர்ந்து ஆக்‌ஷன் ஃபார் எய்ட்ஸ் என்னும் அமைப்பை உருவாக்கினர். அவ்வமைப்பு 1991இல் கிளந்தான் லேன் மருந்தகத்தில், பெயரைத் தெரிவிக்காமலே இரத்தச் சோதனை செய்துகொள்ளும் வசதியைத் தொடங்கியது. இதன் பெருமையை உணர அக்காலச் சூழலை நினைக்க வேண்டும். தொற்றுடையோர் பெயரை அதிகாரிகளுக்குத் தெரிவிப்பது மருத்துவரின் சட்டக் கடமை. ஆண்களுக்கிடையிலான பாலுறவைக் குற்றமாக்கிய 377ஏ பிரிவை நீக்க நாடாளுமன்றம் 2022 நவம்பரில்தான் முடிவெடுத்தது. இத்தகைய சூழலில் பெயர் கேட்காத ஒரு கதவு பலரை உள்ளே வரச் செய்தது. தொலைக்காட்சி, சோதித்துக்கொள்ளுங்கள் என்று சொல்ல முடியும். சோதிக்க வருபவரை எதிர்கொள்ள ஒருவர் அங்கே அமர்ந்திருந்தால்தான் அச்சொல் பயன்படும்.

சொல்லும் பயிற்சியும் இணைந்தால் என்ன விளையும் என்பதற்குச் சிங்கப்பூரிலேயே சான்று உண்டு. பாலியல் தொழிலில் இருந்த பெண்களுக்கு, ஆணுறை பயன்படுத்துமாறு வாடிக்கையாளரிடம் எவ்வாறு வலியுறுத்துவது என்பதைப் படக்காட்சியின் வாயிலாகவும் நடித்துக் காட்டியும் கற்பிக்கும் திட்டம் ஒன்று 1990களின் நடுப்பகுதியில் நடைமுறைக்கு வந்தது. சிங்கப்பூர்த் தேசியப் பல்கலைக்கழகத்தின் வோங் மீ லியன் அதனை ஆய்ந்து எழுதியவர்களுள் முதன்மையானவர். திட்டத்துக்கு முன் 45 விழுக்காட்டுக்கும் குறைவாக இருந்த ஆணுறைப் பயன்பாடு 2002இல் 90 விழுக்காட்டைக் கடந்தது. அப்பெண்களை அச்சுறுத்தி எவரும் இதனைச் சாதிக்கவில்லை. அவர்கள் கையில் பேசுவதற்குச் சொல் கொடுக்கப்பட்டது.

ஞாயிற்றுக்கிழமைகளில் சிராங்கூன் சாலையை நிறைக்கும் வெளிநாட்டு ஊழியரின் நிலை வேறு. வேலை அனுமதிக்கான மருத்துவப் பரிசோதனையில் எச்.ஐ.வி. சோதனையும் அடங்கும். தொற்று இருப்பதாகத் தெரிந்தால் ஊழியர் நாடு திரும்ப வேண்டியவராகிறார். குறுகிய காலப் பயணிகளுக்கான தடை 2015இல் தளர்த்தப்பட்டபோதும் ஊழியர்க்கான விதி மாறவில்லை. கடன் வாங்கிக் கப்பலேறும் காலம் போய்க் கடன் வாங்கி வானூர்தி ஏறும் காலம் வந்தபின்னும், அவ்வாறு திரும்பும் ஒருவர் தம் ஊரில் என்ன காரணம் சொல்வார் என்பது நம் சிறுகதைகள் இன்னும் போதிய அளவு எழுதாத பொருள்.

சென்னையில் ஆறு இரத்த மாதிரிகள்

அவ்வூழியர் பலர் திரும்பிச் செல்லும் தமிழகத்தின் வரலாற்றையும் இங்குச் சேர்த்துக் காண்பது பொருந்தும். இந்தியாவில் எச்.ஐ.வி. தொற்று முதன்முதலாகக் கண்டறியப்பட்டது சென்னையில்தான். சென்னை மருத்துவக் கல்லூரியின் பேராசிரியர் சுனிதி சாலமன், தம் மாணவி செல்லப்பன் நிர்மலாவுக்கு இதனை ஆய்வுப் பொருளாகக் கொடுத்தார். பம்பாயிலும் பிற நகரங்களிலும் தேடிக் கிடைக்காதது சென்னையில் எங்கே இருக்கப்போகிறது என்று நிர்மலா தயங்கினார். அரசுக் காப்பகம் ஒன்றிலிருந்த பெண்களின் இரத்தத்தைச் சேகரித்து, தக்க வசதி இல்லாமையால் தம் வீட்டுக் குளிர்பதனப் பெட்டியிலேயே வைத்திருந்தார். 1986 பிப்ரவரியில் அம்மாதிரிகளைத் தம் கணவருடன் இரவு வண்டியில் வேலூருக்குக் கொண்டு சென்றார். கிறிஸ்துவ மருத்துவக் கல்லூரியில் நடந்த சோதனையில் ஆறு மாதிரிகளில் தொற்று தென்பட்டது. அவ்வாண்டு மே மாதம் சுகாதார அமைச்சர் எச்.வி. ஹண்டே சட்டமன்றத்தில் இதனை அறிவித்தார்.

நம் பண்பாடு நம்மைக் காக்கும், இந்நோய் மேலைநாட்டாரின் நோய் என்று நம்பியிருந்தவர்க்கு அவ்வறிவிப்பு பேரிடியாயிற்று. சுனிதி சாலமன் 1993இல் ஒய்.ஆர்.ஜி. கேர் என்னும் நிறுவனத்தைத் தொடங்கிச் சோதனை, ஆலோசனை, சிகிச்சை, கல்வி ஆகிய நான்கையும் ஓரிடத்தில் தந்தார். 2015இல் மறையும் வரை அவர் அப்பணியை விடவில்லை. 2000களின் தொடக்கத்தில் தமிழகத் தொலைக்காட்சியிலும் சுவர்களிலும் தோன்றிய புள்ளிராஜா என்னும் கற்பனைப் பாத்திரத்தைப் பலர் நினைவில் வைத்திருப்பர். அவனுக்கு எய்ட்ஸ் வருமா என்னும் கேள்வி ஊரெங்கும் பேச்சாயிற்று. கல்லறையும் அரிவாளும் இல்லாமல், பக்கத்து வீட்டுக்காரனைப் போன்ற ஒருவனைப் பற்றிய கேள்வியால் மக்களைப் பேசவைக்கலாம் என்பதை அது காட்டிற்று.

முகம் தெரிந்த ஆண்டு

1985 முதல் 1998 வரை சிங்கப்பூரில் இந்நோய்க்கு எண்ணிக்கை இருந்தது, பெயர் இருந்தது, பொதுமக்கள் அறிந்த முகம் இல்லை. 1998 டிசம்பர் 12ஆம் நாள் பேடி சியூ என்பவர் தமக்கு எய்ட்ஸ் இருப்பதை வெளிப்படையாக அறிவித்தார். அவ்வாறு அறிவித்த முதல் சிங்கப்பூரர் அவரே. முன்பு விமானப் பணியாளராக இருந்தவர் அவர். 1999 மே மாதத்தில் நெசசரி ஸ்டேஜ் நாடகக் குழுவின் மேடையில் தம் வாழ்வையே ஒருவர் நடிக்கும் நாடகமாக அவர் நிகழ்த்தினார். அதனை எழுதியவர் ஹரேஷ் சர்மா. நெறியாள்கை ஆல்வின் டான். மெலிந்த தம் உடலை மறைக்காமல் அவர் மேடையில் நின்றார். மூன்று மாதம் கழித்து, ஆகஸ்ட் 21ஆம் நாள், மறைந்தார்.

அதே 1998ஆம் ஆண்டில் சென்னையில் பி. கௌசல்யா, தொற்றுடைய பெண்களுக்கெனத் தனி அமைப்பு ஒன்றைப் பிற பெண்களுடன் சேர்ந்து தொடங்கினார். நாமக்கல் வட்டாரத்தைச் சேர்ந்த அவர், திருமணத்தின் வழியே தொற்றைப் பெற்றவர். அதனை மறைக்காமல் பொதுமேடையில் சொன்னவர். ஓர் ஆடவர் இங்கும் ஒரு பெண் அங்கும் ஒரே ஆண்டில் முகம் காட்டினர். பதினொரு ஆண்டுகளுக்கு முன் இலண்டனில் பின்புறம் மட்டும் காட்டிய நோயாளி, இப்போது திரும்பி நம்மைப் பார்த்தார் எனலாம். தொலைக்காட்சி தேடி அலைந்த உருவம் கல்லறையில் இல்லை. மனித முகத்தில் இருந்தது.

மருந்து வந்த பின்

1996க்குப் பின் மருந்து வந்தது. இன்று முறையாக மருந்துண்பவர் நீண்ட நாள் வாழலாம். கிருமியின் அளவு கண்டறிய இயலாத அளவுக்குக் குறைந்தால் பாலுறவின் வழி பிறர்க்குத் தொற்றுவதும் இல்லை என்பது உறுதிப்பட்டுள்ளது. மோல்மீன் சாலையின் பழைய தொற்றுநோய் நிலையம் 2018இல் மூடப்பட்டு, அதன் பணி புதிய தேசியத் தொற்றுநோய் நிலையத்துக்கு மாறியது.

ஆயினும் ஜொனாத்தன் மான் கூறிய மூன்றாவது கொள்ளைநோய் மருந்தோடு மறைந்துவிடவில்லை. 2019 ஜனவரியில், தொற்றுடையோர் 14,200 பேரின் விவரங்கள் களவாடப்பட்டு இணையத்தில் வெளியிடப்பட்டதைச் சுகாதார அமைச்சு அறிவித்தது. அவர்களுள் 5,400 பேர் சிங்கப்பூரர். வேறொரு நோயுடையோரின் பட்டியல் வெளியாகியிருந்தால் எழுந்திருக்கும் கவலை சினத்தோடு நின்றிருக்கும். இப்பட்டியலில் இருந்தோரைப் பற்றியதோ பேரச்சம். உடலை மருந்து காத்தது. பெயரைக் காக்க அன்றும் சொல் போதவில்லை.

அடுத்த ஆண்டே கோவிட் வந்தது. ஊழியர் தங்குவிடுதிகளில் தொற்று பரவியபோது தமிழில் விரைந்து செய்தி சொல்ல வேண்டிய தேவை மீண்டும் எழுந்தது. இன்னொரு நோய் வருங்காலத்தில் வரும். அதற்கும் தமிழில் ஒரு பெயர் வைக்கப்படும். அப்பெயரை முதலில் எழுதுவோர் இன்று நம் வகுப்பறைகளில் அமர்ந்திருக்கும் மாணவராக இருத்தல் கூடும். கலைச்சொல்லாக்கத்தைக் கற்பிக்கும் ஆசிரியர், சொல் மூலத்துக்குப் பொருந்துகிறதா என்பதோடு, அச்சொல்லால் சுட்டப்படும் மனிதர் அதனைக் கேட்டால் என்ன ஆவார் என்றும் மாணவரைக் கேட்கச் செய்தல் வேண்டும். மருந்தைக் கண்டுபிடித்தல் ஆய்வுக்கூடத்தின் கடன். நோயாளியின் பக்கத்தில் ஒருவரை இருக்கச் செய்யும் சொல்லைக் கண்டுபிடித்தல் மொழி பயின்றோர் கடன்.